திருப்பியழைக்கும் உரிமையும் வர்க்க அதிகாரமும்

1977 இல் தெரிவான எமது பாராளுமன்றத்தின் ஆயுள், 1982 டிசெம்பரில் நிகழ்ந்த சர்வசன வாக்கெடுப்பினால், பொதுத்தேர்தலின்றியே மேலும் ஆறு ஆண்டுகளுக்கு நீடிக்கப்பட்டது. வாக்கினால் பதவிக்காலத்தை நீடிக்கலாமெனின், வாக்கினால் அதனைக் குறுக்கவும் இயலுமல்லவா? தேர்ந்தெடுத்தவரை இடையிலேயே அகற்றும் இவ்வுரிமையே திருப்பியழைத்தல் எனப்படும்.

72 நாட்களே நிலைத்த பாரிஸ் கொம்யூன் 1871 இல் இதனை ஆட்சிமுறையின் அடிப்படைகளுள் ஒன்றாக்கியது. அதன் உறுப்பினர் எவ்வேளையிலும் அகற்றப்படக்கூடியோராயிருந்தமையையும், தொழிலாளரின் கூலிக்கு ஒப்பான ஊதியமே பெற்றமையையும் கார்ல் மார்க்ஸ் சிறப்பாக எடுத்துக்காட்டினார். எனினும், உரிமையொன்று சட்டத்தில் இடம்பெறுதல் வேறு. அது எவ்வர்க்கத்தின் கையில் இயங்குகின்றது என்பது வேறு. ஐக்கிய அமெரிக்காவின் இரு மாநிலங்களின் அனுபவம் இதனைத் தெளிவாக்கும்.

கலிபோர்ணியாவில், புகையிரதக் கம்பனியொன்றின் அரசியல் ஆதிக்கத்தை எதிர்த்த சீர்திருத்தவாதிகள் 1911 இல் இவ்வுரிமையை அரசியலமைப்பிற் சேர்த்தனர். ஆளுநரை அகற்றக் கோருவோர், முந்தைய ஆளுநர் தேர்தலில் அளிக்கப்பட்ட வாக்குகளின் 12 வீதத்துக்குச் சமமான கையொப்பங்களை 160 நாட்களுள் திரட்டல் வேண்டும். 2003 இல் இத்தொகை ஏறத்தாழ 9 இலட்சமாயிற்று. மின்சார நெருக்கடி, வரவுசெலவுப் பற்றாக்குறை ஆகியவற்றால் ஆளுநர் கிரே டேவிஸ் மீது மக்கள் கொண்ட வெறுப்பு உண்மையானதே. ஆயின் அவ்வெறுப்பைக் கையொப்பங்களாக மாற்றுவதற்குச் செல்வந்தரான காங்கிரஸ் உறுப்பினர் ஒருவரின் 15 இலட்சம் டொலருக்கு மேற்பட்ட பணமும், கூலிக்குக் கையொப்பம் திரட்டியோரும் தேவைப்பட்டனர். மூலதனத்துக்கு எதிராகப் பிறந்த கருவியை மூலதனமே விலைக்கு வாங்கியது. டேவிஸ் அகற்றப்பட்டார், திரைப்பட நடிகரான ஆர்னோல்ட் சுவார்ஸ்நெகர் ஆளுநரானார்.

வட டக்கோட்டாவின் வரலாறு இதனினும் சிக்கலானது. தானிய வணிகரினதும் வங்கிகளினதும் பிடியிலிருந்து விடுபட விழைந்த விவசாயிகளின் இயக்கம் 1916 இல் லின் பிரேசியரை ஆளுநராக்கியது. 1919 இல் மாநில அரசுக்கே உரிய வங்கியொன்று நிறுவப்பட்டது. 1921 இல் இத்திட்டங்களின் எதிரிகள் திருப்பியழைத்தலைப் பயன்படுத்திப் பிரேசியரைப் பதவி நீக்கினர். அந்நாட்டில் இவ்வாறு அகற்றப்பட்ட முதல் மாநில ஆளுநர் அவரே. ஆனால் ஆளுநரை அகற்றிய அதே மக்கள் வங்கியை அகற்றச் சம்மதிக்கவில்லை. அவ்வங்கி இன்றும் இயங்குகின்றது. மறு ஆண்டிலேயே பிரேசியர் செனற் சபைக்குத் தெரிவானார்.

இவ்வேறுபாட்டுக்குக் காரணம் சட்டவிதிகளன்று. வட டக்கோட்டாவில், தமக்கு வேண்டியது எதுவென அறிந்த விவசாயிகளின் அமைப்பு ஊர்தோறும் வேரூன்றியிருந்தது. கலிபோர்ணியாவில் மக்களின் சினம் அத்தகைய அமைப்பின்றிச் சிதறிக் கிடந்தது. ஆகவே, திருப்பியழைக்கும் உரிமையைக் கோருவோர், கையொப்பம் திரட்டுவதில் பணத்தின் பங்கைக் கட்டுப்படுத்துமாறும் கோருதல் வேண்டும். அதனினும் முதன்மையாக, வாக்களித்த பின்னரும் கலையாத மக்கள் அமைப்புகளைக் கட்டியெழுப்புதல் வேண்டும் என்பதே நாம் பெறும் முடிபாகும்.