நீரின் மேல்தோலைப் படிக்கும் ஒளி

தியோடர் மைமன் முதல் லேசரை இயக்கிக் காட்டிய மறு ஆண்டு, 1961. மிச்சிகன் பல்கலைக்கழகத்தில் பீட்டர் ஃபிராங்கனும் கூட்டாளிகளும் ரூபி லேசரின் சிவப்பு ஒளியைக் குவார்ட்ஸ் படிகத்துக்குள் செலுத்தினார்கள். உள்ளே போனது 694 நானோமீட்டர் ஒளி. வெளியே வந்ததில் 347 நானோமீட்டர் புற ஊதா ஒளியும் கொஞ்சம் கலந்திருந்தது. அலைநீளம் சரிபாதி, அதிர்வெண் இருமடங்கு. பத்துக் கோடியில் ஒரு பங்கு அளவே என்பதால் படத்தகட்டில் மங்கிய புள்ளியாகத்தான் பதிந்தது. ஆய்விதழ் அச்சுக்குப் போனபோது அதைத் தூசி என்று எண்ணி அழித்துவிட்டார்கள். அச்சான படத்தில் அம்புக்குறி மட்டும் மிஞ்சியது. நேரியலற்ற ஒளியியல் என்ற பெருந்துறை அந்தப் புள்ளியிலிருந்து கிளம்பியதுதான்.

சாதாரண ஒளி, பொருளிலுள்ள எலக்ட்ரான்களை மெல்லத்தான் அசைக்கிறது. அசைத்த அதே தாளத்தில் அவை ஒளியைத் திருப்பித் தருகின்றன. லேசரைக் குவித்து அடித்தால் கதை வேறு. திருவிழாக் கூம்பு ஒலிபெருக்கியில் சத்தத்தை எல்லைமீறிக் கூட்டினால் பாடகர் பாடாத சுருதியெல்லாம் கேட்கும். எலக்ட்ரான்களின் அசைவிலும் அதுபோலப் புதிய அதிர்வெண்கள் பிறக்கின்றன. அந்தப் புது ஒளியை அளந்து பொருளை அறிவதே நேரியலற்ற நிறமாலையியல். இத்துறைக்கு அடித்தளமிட்ட நிக்கோலாஸ் ப்ளூம்பர்கன் 1981இல் நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்டார்.

இதன் அருமை தண்ணீரில்தான் முழுதாகத் தெரிகிறது. டம்ளர் நீருக்குள் மூலக்கூறுகள் எல்லாத் திசையிலும் திரும்பிக் கிடக்கின்றன. ஒன்று எழுப்பும் புது ஒளியை எதிர்ப்புறம் திரும்பிய இன்னொன்று ரத்து செய்துவிடும். மேற்பரப்பிலோ மேலே காற்று, கீழே நீர். அந்தச் சமநிலை அங்கே குலைகிறது. ஆகவே புது ஒளி பெரும்பாலும் மேலுள்ள ஓரிரு மூலக்கூறு அடுக்குகளிலிருந்தே வருகிறது. 1993இல் பெர்க்லியில் இயற்பியலாளர் ஷென்னின் குழுவினர் அகச்சிவப்பு லேசரையும் கண்ணுக்குத் தெரியும் லேசரையும் நீர்ப்பரப்பில் ஒரே இடத்தில் விழச்செய்து, இரண்டின் அதிர்வெண்களும் கூடிய ஒளியைப் பிடித்தார்கள். அகச்சிவப்பின் அதிர்வெண்ணைப் படிப்படியாக மாற்றிக்கொண்டே போனால், ஆக்சிஜன்-ஹைட்ரஜன் பிணைப்பின் அதிர்வோடு அது பொருந்தும் இடத்தில் சமிக்ஞை எகிறும். பரப்பிலுள்ள மூலக்கூறுகளில் ஐந்தில் ஒரு பங்குக்கும் மேல், ஒரு ஹைட்ரஜனைக் காற்றுக்குள் நீட்டியிருக்கின்றன என்று அப்படித்தான் தெரிந்தது. கோடானுகோடி மூலக்கூறுகளை ஒதுக்கிவிட்டு மேல்தோலை மட்டும் பேசவைப்பது எவ்வளவு பெரிய சாதனை!

கடையில் விற்கும் பச்சை லேசர் சுட்டிகள் பலவற்றிலும் நடப்பது ஃபிராங்கன் கண்டதேதான்: 1064 நானோமீட்டர் அகச்சிவப்பு, சிறு படிகமொன்றில் 532 நானோமீட்டர் பச்சையாகிறது. மாறாமல் மிஞ்சும் அகச்சிவப்பைத் தடுக்கும் வடிகட்டி மலிவான சில சுட்டிகளில் இருப்பதில்லை. அந்த ஒளி கண்ணுக்குத் தெரியாது, இமையும் தானாக மூடாது. பிள்ளைகளுக்கு இந்தச் சுட்டிகளை விளையாட்டுப் பொருளாக வாங்கித் தராதீர்கள்.