பிரிக்கப்பட்ட நகரங்கள் – 9: பத்திரத்தில் எழுதிய எல்லை

சென்ற வாரம் பார்த்த பர்மிங்ஹாமில் பேருந்து இருக்கை முதல் பூங்கா வரை எல்லாவற்றையும் சட்டமே பிரித்துவைத்தது. சிகாகோவில் அப்படியில்லை. உணவகம், விடுதி, நாடக அரங்குகளில் நிறபேதம் கூடாது என்று இலினாய் மாநிலம் 1885-லேயே சட்டம் இயற்றிவிட்டது. இருந்தும் அமெரிக்காவில் மிகக் கடுமையாகப் பிளவுண்ட நகரங்களில் ஒன்றாக சிகாகோ ஆனது. 'இனம் இனத்தோடு சேரும், இதில் யாரைக் குறை சொல்வது?' என்பது அதற்கு நெடுநாள் சொல்லப்பட்ட சமாதானம். போலந்துக்காரரும் இத்தாலியரும் தனித்தனிப் பேட்டைகளில் வாழவில்லையா என்று உதாரணமும் காட்டுவார்கள். ஆனால் அந்தப் பேட்டைகளில் மற்றவர்களும் கலந்தே இருந்தார்கள். கையில் காசு சேர்ந்ததும் அங்கிருந்தவர்கள் வேறிடம் போனார்கள், யாரும் தடுக்கவில்லை. தானாகச் சேர்ந்து வாழ்கிறவர்களை ஓரிடத்தில் நிறுத்திவைக்க வெடிகுண்டு எதற்கு? 1917 முதல் 1921 வரை, வெள்ளையர் பகுதிகளில் குடியேறிய கறுப்பினத்தவரையும் அவர்களுக்கு வீடு விற்றவர்களையும் குறிவைத்து 58 குண்டுகள் வெடித்தன. கறுப்பின வங்கி முதலாளியான ஜெஸ்ஸி பிங்காவின் வீடும் பலமுறை தாக்கப்பட்டது. பிரிவினைக்குக் காரணம் வறுமைதான் என்பவர்களுக்கு பிங்கா ஒருவரே போதும்.

குண்டைவிட நீடித்து வேலை செய்தது பத்திரம். இனவாரியாகத் தெருக்களை ஒதுக்க நகராட்சிகளுக்கு அதிகாரமில்லை என்று உச்ச நீதிமன்றம் 1917-இல் தீர்ப்பளித்தது. அரசு செய்யக்கூடாததைத் தனியார் ஒப்பந்தம் செய்தது. கறுப்பினத்தவருக்கு விற்கவோ வாடகைக்கு விடவோ மாட்டோம் என்று வீட்டுக்காரர்கள் கூட்டாகக் கையெழுத்திட்டார்கள். அதற்கு மாதிரிப் படிவமே எழுதிக் கொடுத்தது சிகாகோ ரியல் எஸ்டேட் வாரியம். 1937-இல் வாஷிங்டன் பார்க் பகுதியில் வீடு வாங்கிய கார்ல் ஹான்ஸ்பெரி என்ற கறுப்பினத் தொழிலதிபரை இலினாய் நீதிமன்றங்கள் வெளியேறச் சொன்னது இப்படியொரு ஒப்பந்தத்தைக் காட்டித்தான். தெருமுகப்பில் 95 சதவீதத்துக்கு உரியவர்கள் கையெழுத்திட்டால்தான் அது செல்லும். உண்மையில் விழுந்தவை சுமார் 54 சதவீதக் கையெழுத்துகளே! 1940-இல் உச்ச நீதிமன்றம் ஹான்ஸ்பெரி பக்கம் நின்றது. அதுவும், ஒப்பந்தம் செல்லும் என்று வேறொருவர் வழக்கில் முன்பே வந்திருந்த தீர்ப்பு இவரைக் கட்டுப்படுத்தாது என்ற நடைமுறைக் காரணத்துக்காக. இத்தகைய ஒப்பந்தங்களை நீதிமன்றங்கள் அமல்படுத்தக்கூடாது என்று அது சொல்ல 1948 வரை ஆனது.

'சொத்து மதிப்பு இறங்கிவிடும் என்று பயந்தார்கள், அது வியாபாரக் கணக்கு, வெறுப்பு அல்ல' என்பது அடுத்த வாதம். இந்தக் கணக்கை எழுதியதில் அரசுக்கும் பங்குண்டு. 1934-இல் உருவான கூட்டாட்சி வீட்டுவசதி நிர்வாகம், வீட்டுக் கடன்களுக்குக் காப்புறுதி தந்தது. இனம் கலந்த பகுதிகளை ஆபத்தானவை என்று மதிப்பிட்டது; 1938-ஆம் ஆண்டுக் கையேட்டில் இன ஒப்பந்தங்களையே பரிந்துரைத்தது. கடன் கிடைக்காத தெருவில் மதிப்பு இறங்காமல் என்ன செய்யும்? இதில் ஒரு முரண் உண்டு: கறுப்பினத்தவர் மலிவாக வாங்கவில்லை, அதிக விலை கொடுத்தே வாங்கினார்கள். வங்கிக் கடன் மறுக்கப்பட்டதால், 1950-களிலும் 60-களிலும் அவர்களுக்கு விற்ற வீடுகளில் 75 முதல் 95 சதவீதம் தவணை ஒப்பந்தத்தில் போயின என்று 2019-இல் டியூக் பல்கலைக்கழக ஆய்வு கணக்கிட்டது. விற்றவர் தான் வாங்கிய விலைக்கு மேல் சராசரியாக 84 சதவீதம் வைத்தார். கடைசித் தவணை கட்டும்வரை கிரயம் கிடையாது. ஒரு தவணை தவறினாலும் கட்டிய பணத்தோடு வீடும் போகலாம். விற்றவர் அதே வீட்டை அடுத்த குடும்பத்துக்கு விற்பார்.

1968-இல் வீட்டுவசதிச் சட்டம் இனபேதத்தைத் தடை செய்ததோடு கதை முடிந்தது என்று சொல்பவர்கள், வீடு என்பது அந்தக் குடும்பங்களின் சேமிப்பாகவும் இருந்ததை விட்டுவிடுகிறார்கள். தடை இனிமேல் நடப்பதைத் தடுக்கும். கட்டி முடித்த தவணைகளைத் திருப்பித் தராது. அதே ஆண்டில் சிகாகோவின் லான்டேல் பகுதியில் இப்படி வாங்கியவர்கள் சங்கம் சேர்ந்து தவணை கட்ட மறுத்தார்கள். பல குடும்பங்களின் ஒப்பந்தங்கள் திருத்தப்பட்டன. ஆனால் இழப்பீடு கேட்டு அவர்கள் கூட்டாட்சி நீதிமன்றத்தில் தொடுத்த வழக்குகள் 1970-களில் தோற்றுப்போயின.