பலாப்பழம் சுமந்த பையன்

கொசஸ்தலையாற்றங்கரையில் கிழக்கிந்தியக் கம்பெனியின் கர்னல் பெய்லியின் படையைச் சென்ற வாரம் விட்டு வந்தோம். 1780 ஆகஸ்ட் 25 அன்று அங்கே கூடாரம் அடித்தார்கள். இரவோடு இரவாக ஆறு பெருகிவிட்டது. செப்டம்பர் பிறந்த பிறகுதான் அக்கரை ஏற முடிந்தது. காஞ்சியில் கம்பெனித் தளபதி ஹெக்டர் மன்றோவோடு சேர வேண்டிய படை அது. அந்தத் தாமதம் போதுமானதாக இருந்தது, மைசூரை ஆண்ட ஹைதர் அலிக்கு.

செப்டம்பர் 10. காஞ்சிக்கு வடக்கே புள்ளலூர். ஹைதரும் மகன் திப்புவும் நாலாபுறமும் வளைத்துக்கொண்டார்கள். ராக்கெட்டுகள் சீறின; கம்பெனியின் வெடிமருந்து வண்டிகள் வெடித்தன. ஏறத்தாழ 3,800 பேர் கொண்ட படை ஒரே காலையில் அழிந்தது. மறுநாள் மன்றோ தன் பெரிய பீரங்கிகளைக் காஞ்சிக் குளத்தில் தள்ளிவிட்டுச் செங்கல்பட்டுக்குப் பின்வாங்கினார்.

அந்தப் படையில் பெரும்பாலோர் நம் நாட்டுச் சிப்பாய்கள். அவர்கள் பட்ட பாட்டை எங்கே தேடுவது?

கர்னல் டபிள்யூ. ஜே. வில்சன் 1882 முதல் தொகுதி தொகுதியாகச் சென்னைப் படையின் வரலாற்றை எழுதினார். அரசு ஆவணங்களை அலசி எழுதிய பெரும் உழைப்பு அது. ஆனால் ஆவணம் சொல்லாததை அவர்தான் எப்படிச் சொல்வார்? அதிகாரிகள் 86 பேர். அவர்களில் 36 பேர் மாண்டார்கள், 34 பேர் காயத்தோடு பிடிபட்டார்கள், 16 பேர் காயமின்றிப் பிடிபட்டார்கள் என்று ஆள் பிசகாத கணக்கு ஆங்கிலேயரிடம் உண்டு. சிப்பாய் என்று வந்துவிட்டால் மடிந்தார்கள், சிதறினார்கள், சிறைப்பட்டார்கள் என்று ஒரே மூச்சில் கதை முடிகிறது.

ஸ்ரீரங்கப்பட்டணச் சிறையில் கிடந்த வெள்ளை அதிகாரிகள் நாட்குறிப்பு எழுதினார்கள். அத்தகைய எழுத்துகளைக் கொண்டுதான் லிண்டா காலி 2002இல் கைதிகளைப் பற்றித் தன் நூலை எழுதினார். வென்றவர்களும் ஒரு பதிவு வைத்தார்கள். திப்புவின் தரியா தௌலத் மாளிகைச் சுவரில் புள்ளலூர்ப் போர் ஓவியமாக இருக்கிறது. பல்லக்கில் பெய்லியை அடையாளம் காணலாம். சுற்றி நிற்பவர்கள் வெறும் சிவப்புச் சட்டைகள்.

பதிவில் இடம்பெறாதவர்கள் கோயில் கதையிலும் உண்டு. காஞ்சிக்குத் தெற்கே, செய்யாற்றங்கரையில் மாகறல். சம்பந்தர் பாடிய திருமாகறலீசர் கோயிலின் தலபுராணம் ஒரு பலாமரத்தைப் பற்றிச் சொல்கிறது. தினம் ஒரே ஒரு பழம். அதைச் சிதம்பரத்துக்குச் சுமந்து போவது ஊர்க்காரர்களின் முறை. ஒரு பையன் தன் முறை வந்தபோது மரத்தையே கொளுத்திவிட்டான். ராஜேந்திர சோழன் அவனை விசாரித்தான். சுமை தாளவில்லை என்றான் பையன். நாடு கடத்தினார்கள். அவனை விட்டுவிட்டுத் திரும்பும்போதுதான் மன்னன் பொன்னுடும்பைக் கண்டான், கோயில் எழுந்தது என்கிறது கதை.

சன்னதியில் உடும்பின் வாலைப் போன்ற லிங்கத்தைப் பார்த்துவிட்டு வெளியே வந்தபோது எனக்கு அந்தப் பையன் நினைவுதான். மரம் எரியும் வரை எத்தனை பேர் எத்தனை நாள் சுமந்தார்கள்? புராணத்தில் அவர்களுக்கு ஒரு வரிகூட இல்லை. எரித்தவனைத்தான் மன்னன் கேள்வி கேட்டான்.

சிப்பாய்க்கும் அதே கதிதான். புள்ளலூரில் கம்பெனிக்காகச் செத்தபோது யாரும் அவனை எதுவும் கேட்கவில்லை. 1806 ஜூலை 10 அன்று வேலூர்க் கோட்டையில் அவன் துப்பாக்கியைத் திருப்பினான். பிறகு விசாரணைக் குழு உட்கார்ந்தது. புதிய தலைப்பாகை, நெற்றிக்குறி, தாடி என்று அவன் மனக்குறையெல்லாம் வாக்குமூலமாக எழுதப்பட்டது.

அந்த வாக்குமூலங்களை அடுத்த வாரம் படிப்போம்.

(தொடரும்)