வாயைப் பார்த்து எழுதிய எழுத்து

ஒரு சின்னச் சோதனை செய்து பாருங்கள்.

'ம்' என்று சொல்லுங்கள். உதடுகள் இரண்டும் மூடிக்கொள்கின்றன அல்லவா? இப்போது 'ந்' என்று சொல்லுங்கள். நாக்கின் நுனி மேலே போய், பல்லுக்குப் பின்னால் தொடுகிறது. அடுத்து 'க்' என்று சொல்லுங்கள். நாக்கின் நுனி சும்மா இருக்கிறது. அடிநாக்கு எழும்பி, தொண்டைப் பக்கம் அடைக்கிறது.

தினமும் பேசுகிறோம். ஆனால் இதையெல்லாம் நாம் கவனிப்பதில்லை. ஒரு ராஜா கவனித்தார். வாய் எப்படி அசைகிறதோ அதையே எழுத்தாக வரைந்தார். அவர் பெயர் செஜோங். கொரியா நாட்டை 1418 முதல் 1450 வரை ஆண்டவர்.

படிக்க முடியாத மக்கள்

அந்தக் காலத்தில் கொரியாவில் சீன எழுத்தைத்தான் எழுதினார்கள். சீன எழுத்து நம் எழுத்தைப் போன்றது அல்ல. ஒவ்வொரு சொல்லுக்கும் தனித்தனி எழுத்து வேண்டும். ஆயிரக்கணக்கில் மனப்பாடம் செய்ய வேண்டும். வயலில் வேலை செய்கிறவருக்கு அதற்கு நேரம் ஏது? பெரிய வீட்டுப் பிள்ளைகள்தான் படித்தார்கள். போதாக்குறைக்கு, கொரிய மக்கள் பேசிய மொழியும் வேறு.

மக்களுக்கு நல்ல வழக்கங்களைச் சொல்ல நினைத்தார் செஜோங். 1434-ல் படம் போட்டு ஒரு புத்தகம் அச்சிட்டுக் கொடுத்தார். படத்தைப் பார்த்தாவது புரிந்துகொள்வார்கள் என்று நினைத்தார். ஆனால் படம் எவ்வளவு தூரம் பேசும்?

வழக்கு மன்றத்தில் நிலைமை இன்னும் மோசம். கைதி சொன்னதை அதிகாரி சீன எழுத்தில் எழுதுவார். தன் பெயரில் என்ன எழுதியிருக்கிறது என்று கைதிக்குத் தெரியாது. தெரியாத தாளில் கைநாட்டு வைத்தவர்களுக்கு அந்தக் கஷ்டம் புரியும்.

எழுத்துக்குள் வாய்

1443-ம் ஆண்டின் முடிவில் செஜோங் 28 எழுத்துகளை உருவாக்கினார். 1446-ல் அதை விளக்கி ஒரு புத்தகம் வந்தது. அதன் பெயர் 'ஹுன்மின் ஜொங்உம்'. மக்களுக்குக் கற்றுத்தரும் சரியான ஒலிகள் என்று அதற்குப் பொருள்.

'ம்' என்ற ஒலிக்கு ஒரு சதுரக் கட்டம். அது வாய். 'ந்' என்ற ஒலிக்கு ஒரு கோடு கீழே இறங்கி, வலப்பக்கம் திரும்பும். அது மேலே எழும்பிய நாக்கு நுனி. 'க்' என்ற ஒலிக்கு ஒரு கோடு வலப்பக்கம் போய், கீழே மடங்கும். அது தொண்டையை அடைக்கும் அடிநாக்கு. 'ஸ்' என்பதற்குப் பல்லின் வடிவம். தொண்டைக்கு ஒரு வட்டம்.

இந்த ஐந்தும் தெரிந்தால் பாதி வேலை முடிந்தது. ஒலி அழுத்தமானால் கூட ஒரு கோடு போட வேண்டும். 'ந்' எழுத்தின் மேல் ஒரு கோடு போட்டால் 'த்' ஆகிவிடும். இரண்டுக்கும் நாக்கு ஒரே இடத்தில்தான் தொடுகிறது. சொல்லிப் பாருங்கள், தெரியும்.

உயிர் எழுத்துக்கு மூன்றே குறிகள். ஒரு புள்ளி வானம். ஒரு படுக்கைக் கோடு பூமி. ஒரு நிற்கும் கோடு மனிதன். மனிதனுக்கு வலப்பக்கம் புள்ளி வைத்தால் 'அ' என்ற ஒலி வரும். இப்போது அந்தப் புள்ளியைச் சின்னக் கோடாகப் போடுகிறார்கள்.

மந்தமானவரும் பத்து நாளில் கற்கலாம் என்று அந்தப் புத்தகத்தின் முடிவுரை சொல்கிறது. வேடிக்கை என்னவென்றால், இத்தனை விளக்கமும் சீன எழுத்தில்தான் எழுதப்பட்டிருந்தது! அன்றைக்குப் படித்தவர்களுக்கு அதுதானே தெரியும்?

படித்தவர்களின் கோபம்

படித்தவர்களில் பலருக்கு இது பிடிக்கவில்லை. 1444-ல் சோ மல்லி என்ற அறிஞரும் வேறு சிலரும் ராஜாவுக்கு எதிர்ப்பு மனு கொடுத்தார்கள். சீன எழுத்தை விட்டால் நாகரிகம் இல்லாதவர்கள் ஆகிவிடுவோம் என்றார்கள். சிறையில் நியாயம் கிடைப்பது அதிகாரியின் கையில் இருக்கிறது, எழுத்தில் இல்லை என்றும் வாதாடினார்கள். இந்தக் கடைசி வாதத்தில் கொஞ்சம் உண்மை உண்டு. அதிகாரி நல்லவராக இருக்கத்தான் வேண்டும். ஆனால் கைதிக்குப் படிக்கத் தெரிந்தால், தவறாக எழுதிய அதிகாரியைப் பார்த்து "நான் இப்படிச் சொல்லவில்லையே" என்று கேட்கலாம் அல்லவா?

மக்கள் கேட்கவும் தொடங்கினார்கள். 1449-ல் ஓர் அமைச்சரைக் குறை சொல்லி, புதிய எழுத்தில் சுவரொட்டிகள் ஒட்டினார்கள். 1504-ல் கொடுங்கோல் ராஜா ஒருவரைத் திட்டியும் தாள்கள் வந்தன. உடனே அவர் இந்த எழுத்தைக் கற்பதற்கே தடை போட்டார். இந்த எழுத்தில் இருந்த நூல்களை எரிக்கச் சொன்னார்.

எழுத்து அழியவில்லை. பெண்கள் கடிதம் எழுதினார்கள். கதைப் புத்தகங்கள் வந்தன. பெரியவர்கள் அதைப் பெண்கள் எழுத்து என்று ஏளனம் செய்தார்கள். 1894-ல்தான் அரசாங்கக் காகிதங்களில் அதற்கு முதலிடம் கிடைத்தது.

தொலைந்து கிடைத்த புத்தகம்

எழுத்து இருந்தது. விளக்கம் சொன்ன புத்தகம் மட்டும் பல நூறு ஆண்டுகள் யார் கண்ணிலும் படவில்லை. அதனால் ஆளுக்கொன்று சொன்னார்கள். கதவுச் சட்டத்தைப் பார்த்துச் செய்தது என்றார் ஒருவர். இந்தியாவின் சமஸ்கிருத எழுத்திலிருந்து வந்தது என்றும் எழுதி வைத்திருக்கிறார்கள்.

1940-ல் ஆண்டோங் பகுதியில் ஒரு பிரதி வெளிப்பட்டது. முதல் இரண்டு ஏடுகள் அதில் இல்லை. அப்போது கொரியா ஜப்பானின் ஆட்சியில் இருந்தது. பள்ளிக்கூடங்களில் கொரிய மொழிக்கே இடம் இல்லாத காலம். ஜொன் ஹியொங் பில் என்ற செல்வந்தர் அந்தப் புத்தகத்தை வாங்கினார். கேட்டதைப் போல் பத்து மடங்கு விலை கொடுத்தார் என்று சொல்வார்கள். புத்தகத்தை மறைவாக வைத்துக் காப்பாற்றினார். 1950-ல் போர் வந்து ஊரை விட்டு ஓடியபோதும் அதை எடுத்துக்கொண்டு போனார். இரவில் தலைக்கு அடியில் வைத்துத் தூங்கினார் என்றும் சொல்வார்கள்.

வாயைப் பார்த்துத்தான் எழுத்தை வரைந்தார்கள் என்பது அந்தப் புத்தகத்தால்தான் உறுதியானது. 1997-ல் யுனெஸ்கோ அதை உலக நினைவுப் பதிவேட்டில் சேர்த்தது.

எழுத்தறிவுப் பணிக்காக யுனெஸ்கோ தரும் ஒரு பரிசுக்கு செஜோங் ராஜாவின் பெயரை வைத்திருக்கிறார்கள். 1989-ல் அதை ஏற்படுத்தினார்கள். 1990-ல் அது இந்தியாவுக்கு வந்தது. எறணாகுளம் மாவட்டத்தில் வீடு வீடாகப் போய்ப் பெரியவர்களைப் படிக்கக் கூப்பிட்ட கேரள சாஸ்திர சாகித்ய பரிஷத் அதைப் பெற்றது.