அப்பீல் கெடுவும் குத்தகைதாரர் நில உரிமையும்

குத்தகை நிலத்தைப் பற்றிய விவகாரத்தில் தோற்றவர் மேல் விசாரணைக்குச் செல்லலாம் என்பது எல்லோரும் அறிந்ததே. ஆனால் அவ்வுரிமைக்கு ஒரு கெடு உண்டு. கெடு கடந்துவிட்டால், குடியானவர் பக்கம் நியாயம் எவ்வளவு பலமாயிருப்பினும் அதை எடுத்துரைக்க இடமில்லாமற் போகலாம். தாமதத்திற்குத் தக்க காரணம் சொன்னால் அப்பீலை ஏற்றுக்கொள்வார்கள் என்று பலர் நம்பியிருக்கின்றனர். இந்நம்பிக்கை எவ்விடத்தில் பலிக்கும், எவ்விடத்தில் பலிக்காது என்பதைச் சங்க அங்கத்தினர்கள் அறிந்திருத்தல் அவசியம்.

கோர்ட்டில் தாமதம்

சிவில் வழக்கின் டிக்ரியின்மேல் ஹைகோர்ட்டுக்குச் செய்யும் அப்பீலுக்கு 90 நாளும், மற்றக் கோர்ட்டுகளுக்குச் செய்யும் அப்பீலுக்கு 30 நாளும் 1963-ம் வருஷத்து லிமிடேஷன் சட்டம் விதித்துள்ள கெடுவாகும். அச்சட்டத்தின் 5-வது பிரிவின்படி, போதிய காரணம் இருப்பதாகத் திருப்தியடைந்தால் கோர்ட்டார் கெடு கடந்த அப்பீலையும் அனுமதிக்கலாம்.

இவ்விஷயத்தில் சுப்ரீம் கோர்ட்டு தாராளமாகவே நடந்திருக்கிறது. சொத்துரிமை வழக்கொன்றில் 883 நாள் தாமதமாக வந்த ஒரு மனுவை, வக்கீலின் அசட்டையே காரணம் என்பதைக் கண்டு, 1998-ல் அது அனுமதித்தது. எத்தனை நாள் தாமதம் என்பதைவிடச் சொல்லும் காரணம் ஏற்கத்தக்கதா என்பதே முக்கியம் என்று தீர்ப்பில் விளக்கப்பட்டது. ஆயினும் மனுதாரர் எதிர்க்கட்சிக்கு 10,000 ரூபாய் கொடுக்கும்படி உத்தரவாயிற்று. தாமதத்தை மன்னிப்பது கோர்ட்டாரின் விருப்பத்தைப் பொறுத்ததேயன்றி, கட்சிக்காரரின் உரிமையன்று.

அதிகாரியிடம் தாமதம்

குத்தகை விவகாரங்களிற் பல சிவில் கோர்ட்டுக்குச் செல்வதில்லை. தனிச் சட்டத்தின்படி தாசில்தாரோ வேறு ரெவினியூ அதிகாரியோ விசாரிக்கிறார். அவருடைய உத்தரவின்மேல் கலெக்டர் போன்ற மேலதிகாரியிடம் அப்பீல் செல்கிறது. ஆபத்து இங்கேதான் இருக்கிறது.

தெலிங்கானாப் பிரதேசத்தில் 1950-ம் வருஷத்துக் குத்தகை, விவசாய நிலச் சட்டம் பாதுகாக்கப்பட்ட குத்தகைதாரருக்குப் பெரிய உரிமைகளை அளித்தது. குத்தகை வாரிசுகளுக்குச் செல்லும். நிலத்தை விலைக்கு வாங்கவும் வழி உண்டு. அச்சட்டப்படி கலெக்டரிடம் அப்பீல் செய்ய 60 நாள் கெடு. அந்நாட்களைக் கணக்கிடுவதற்கு லிமிடேஷன் சட்டத்தின் விதிகள் பொருந்தும் என்றும் சொல்லப்பட்டிருந்தது.

கெடு கடந்து வந்த அப்பீலைக் கலெக்டர் ஏற்கலாமா என்ற கேள்வி எழுந்தது. 1985-ல் சுப்ரீம் கோர்ட்டு ஏற்க முடியாது என்று தீர்ப்பளித்தது. லிமிடேஷன் சட்டம் கோர்ட்டுகளுக்கே உரியது. அப்பீலை விசாரிக்கும் கலெக்டர் கோர்ட்டு அல்லர். நாளைக் கணக்கிடுதல் வேறு, தாமதத்தை மன்னித்தல் வேறு. முன்னதை மட்டுமே சட்டம் அனுமதித்திருந்தது. 1979-ல் சட்டசபை இக்குறையை நீக்கி, 5-வது பிரிவும் பொருந்தும் என்று திருத்தம் செய்திருந்தது. ஆனால் அத்திருத்தம் பின்வரும் காரியங்களுக்கே செல்லுமென்றும், முந்தியவற்றிற்கு உதவாதென்றும் தீர்ப்பாயிற்று. சென்னை மாகாணம் பிற்காலத்தில் தமிழ்நாடு ஆனபின், அறநிலையச் சட்டத்தைப் பற்றிய வழக்கொன்றிலும் சுப்ரீம் கோர்ட்டு 2019-ல் இதே கொள்கையைக் கைக்கொண்டது.

ஆகவே, அப்பீலைக் கேட்பவர் அதிகாரியாயின், தாமதத்தை மன்னிக்கும் அதிகாரம் அந்தச் சட்டத்திலேயே எழுதப்பட்டிருக்க வேண்டும். அஃதில்லையேல் நோயும் வறுமையும் அறியாமையும் காரணங்களாக மாட்டா.

நாளை எண்ணும் விதம்

உத்தரவு பிறந்த நாளைக் கணக்கில் சேர்ப்பதில்லை. உத்தரவின் நகலைப் பெறுவதற்கு வேண்டிய நாட்களும் தள்ளப்படும். உதாரணமாக, ஜூன் 1-ந் தேதி உத்தரவாகி, கெடு 60 நாளாயின், ஜூலை 31-ந் தேதி கெடு முடியும். ஜூன் 5-ந் தேதி நகலுக்கு மனுச் செய்து 16-ந் தேதி அது தயாரானால், அந்த 12 நாளும் தள்ளுபடியாகி, கெடு ஆகஸ்டு 12-ந் தேதி வரை நீளும். ஆனால் மனுச் செய்யாமல் வாளாவிருந்த நாட்களும், தயாரான நகலை வாங்காமல் விட்ட நாட்களும் தள்ளப்படமாட்டா.

செய்யவேண்டுவன

உத்தரவு கிடைத்தவுடன் அதன் தேதியைக் குறித்துக்கொண்டு, நகலுக்கு உடனே மனுச் செய்யவேண்டும். எந்தச் சட்டத்தின் எந்தப் பிரிவின்படி உத்தரவாயிற்று, அப்பீல் யாரிடம், கெடு எத்தனை நாள் என்பவற்றைச் சட்டமறிந்தவரிடம் கேட்டு எழுதி வைத்துக்கொள்ள வேண்டும். தாமதம் நேர்ந்துவிட்டால், வைத்தியர் சீட்டு, தபால் ரசீது முதலிய ருஜுக்களைச் சேகரித்து, அப்பீலோடு மன்னிப்பு மனுவையும் சேர்த்துக் கொடுக்கவேண்டும்.

எழுதப் படிக்கத் தெரியாத அங்கத்தினருக்கு உத்தரவு வந்தால், சங்கக் காரியதரிசி அதைப் படித்துச் சொல்லி, கெடு தேதியைக் குறித்துக் கொடுப்பது பேருதவியாகும். பரம்பரையாக உழுதுவந்த நிலம் சில நாள் அசட்டையால் கைவிட்டுப் போகாதிருக்க, இச்சிறு முயற்சி போதும்.