காட்டுச் சாலையில் ஒரு பயணம்

மைசூரிலிருந்து தெற்கே ஏறத்தாழ 60 கிலோமீட்டர் தொலைவில் குண்டலுபேட்டை என்னும் ஊர் உள்ளது. இங்கே நெடுஞ்சாலை இரண்டாகப் பிரிகிறது. ஒன்று கேரளத்தின் வயநாட்டிற்கும், மற்றொன்று தமிழ்நாட்டின் உதகைக்கும் செல்கிறது. இரண்டுமே பந்திப்பூர்ப் புலிகள் காப்பகத்தின் ஊடே செல்பவை. உதகைச் சாலை அடுத்துள்ள முதுமலைக் காட்டையும் கடக்கிறது.

இவ்வழியே மகிழுந்தில் சுற்றுலா செல்வோர் முதலில் கருத வேண்டியது நேரம். பந்திப்பூர்க் காட்டுச் சாலைகளில் இரவு 9 மணி முதல் காலை 6 மணி வரை போக்குவரத்துக்குத் தடை உண்டு. இத்தடை 2009ஆம் ஆண்டில் வந்தது. காரணம் யாது? யானை, புலி, மான் முதலியன இரவில் நீரும் இரையும் தேடிச் சாலையைக் கடக்கின்றன. விரைந்து வரும் வண்டியின் விளக்கொளியில் கண்கூசி அவை திகைத்து நின்றுவிடும், அடிபட்டு மடியும். நோயாளர் ஊர்திகளும் சில அரசுப் பேருந்துகளும் மட்டுமே இரவில் செல்லலாம்.

சில நாடுகளின் தேசியப் பூங்காக்களில், ஒதுக்கப்பட்ட இடங்களில் வண்டியை நிறுத்திக் கூடாரமிட்டுத் தங்கலாம். இங்கு அவ்வாறு தங்க இயலாது. காட்டுச் சாலையில் வண்டியை நிறுத்தி இறங்கவும் கூடாது. ஆகவே, மாலையிலேயே குண்டலுபேட்டையை அடைந்து, விடுதியில் தங்கி, எரிபொருள் நிரப்பி, காலையில் புறப்படுதல் நன்று. காட்டினுள் மெல்லச் செல்லுங்கள், ஒலி எழுப்பாதீர்கள், விலங்குகளுக்கு உணவு அளிக்காதீர்கள்.

நாம் ஓர் இரவு காத்திருந்தால், ஒரு யானைக்கன்று தன் தாயுடன் அச்சமின்றிச் சாலையைக் கடக்கும்.