தண்ணீர் ஊற்றினால் அணையாமல் இன்னும் எரியும் தீ... மெக்னீசியத்துக்கும் தண்ணீருக்கும் அப்படி என்ன பகை?

1955 ஜூன் 11. பிரான்ஸின் லே மான்ஸ் நகரில் 24 மணி நேர கார் பந்தயம் தொடங்கி சுமார் இரண்டரை மணி நேரம்தான் ஆகியிருந்தது. பிரெஞ்சு வீரர் பியர் லெவெக் ஓட்டிய மெர்சிடிஸ் பென்ஸ் 300 எஸ்.எல்.ஆர். கார், முன்னால் திடீரென விலகிய இன்னொரு காரின் பின்பக்கத்தில் ஏறிப் பறந்தது. பார்வையாளர்கள் நின்றிருந்த பக்கத்தில் இருந்த மண் தடுப்பில் மோதிச் சிதறியது. லெவெக் உட்பட 80-க்கும் மேற்பட்டோர் உயிரிழந்தனர். கார் பந்தய வரலாற்றில் இதைவிட மோசமான விபத்து இன்றுவரை நடக்கவில்லை.

பெரும்பாலான உயிர்களைப் பறித்தது கூட்டத்துக்குள் பாய்ந்த கார் பாகங்கள். அதன் பிறகு இன்னொன்றும் நடந்தது. எடை குறைவாக இருக்க வேண்டும் என்பதற்காக அந்தக் காரின் உடல் பகுதியை 'எலக்ட்ரான்' என்ற மெக்னீசியக் கலவை உலோகத்தில் செய்திருந்தார்கள். மீட்புப் பணிக்கு வந்தவர்கள் வழக்கம்போல அதன் மேல் தண்ணீரை ஊற்றினார்கள். தீ அடங்கவில்லை, இன்னும் கொழுந்துவிட்டது. பல மணி நேரம் எரிந்தது.

தண்ணீரை ஊத்தினா தீ அணையணும்... இங்கே ஏன் உல்டாவாக நடந்தது?

தண்ணீருக்குள் ஒளிந்திருக்கும் ஆக்சிஜன்

விறகோ துணியோ எரியும்போது தண்ணீர் இரண்டு வேலை செய்கிறது. சூட்டை உறிஞ்சிக்கொள்கிறது. நீராவியாக மாறி, காற்று உள்ளே போகாமல் தடுக்கிறது. சூடும் ஆக்சிஜனும் இல்லையென்றால் தீ இல்லை.

மெக்னீசியத்திடம் இந்தக் கணக்கு செல்லாது. தண்ணீர் என்பதே ஹைட்ரஜனும் ஆக்சிஜனும் சேர்ந்ததுதான். ஹைட்ரஜன் எரிந்தால் கிடைப்பது தண்ணீர். அதாவது தண்ணீரை ஹைட்ரஜனின் 'சாம்பல்' என்றே சொல்லலாம். அதனால்தான் அது மேற்கொண்டு எரிவதில்லை. ஆனால், எரியும் மெக்னீசியத்துக்கு ஆக்சிஜன் மேல் ஹைட்ரஜனைவிட ஆசை அதிகம். தண்ணீரில் இருக்கும் ஆக்சிஜனையும் பிடுங்கிக்கொள்ளும். அப்போது இன்னும் சூடு வெளியாகும். தனியாக விடப்படும் ஹைட்ரஜனோ, எளிதில் தீப்பிடிக்கிற வாயு. வெளியே வந்து காற்றில் கலந்ததும் அதுவும் எரியத் தொடங்கும், சில நேரம் வெடிக்கும்.

மெக்னீசியச் சுடரின் வெப்பம் 3,000 டிகிரி செல்சியஸ் அளவுக்குப் போகும். அதன் மேல் விழும் தண்ணீர் நொடியில் நீராவியாகி, சுமார் 1,700 மடங்கு விரியும். 650 டிகிரியிலேயே உருகிவிடும் உலோகம் இது. அந்த உருகிய உலோகத்தை நீராவி நாலா பக்கமும் தெறிக்கவிடும். கிட்டே நிற்பவரின் கதி என்ன ஆகும் என்று சொல்ல வேண்டியதில்லை.

சரி, கார்பன் டை ஆக்சைடு அடித்தால்? அதுவும் உதவாது. அதிலிருந்தும் ஆக்சிஜனைப் பிடுங்கிக்கொண்டு, கருப்புக் கரித்தூளை மிச்சம் வைக்கும். உலர் பனிக்கட்டிக்குள் வைத்தாலும் மெக்னீசியம் எரிவது இதனால்தான். நைட்ரஜனோடும் அது வினைபுரியும். அதனால்தான் உலோகத் தீக்கு 'டி' வகுப்பு என்று தனி வகையே வைத்திருக்கிறார்கள். உப்புப் பொடி, கிராஃபைட் பொடி போன்றவற்றைக் கொட்டி மூடுவதே வழி. மணல் போடலாமா என்றால், காய்ந்த மணல் சின்னத் தீக்கு உதவலாம். ஈர மணல் என்றால் அதுவும் தண்ணீர் ஊற்றுவதுபோலத்தான்.

அப்போ பள்ளி லேபில் ஏன் ஒன்றும் ஆகவில்லை?

மெக்னீசியம் நாடாவைக் குளிர்ந்த தண்ணீரில் போட்டுப் பார்த்தவர்களுக்கு ஏமாற்றமே மிஞ்சியிருக்கும். ரொம்ப நேரம் கழித்து நாலைந்து குமிழ்கள் வரும், அவ்வளவுதான். உலோகத்தின் மேல் மெக்னீசியம் ஹைட்ராக்சைடு என்ற மெல்லிய படலம் படிந்து, தண்ணீரை உள்ளே விடாமல் தடுப்பதே காரணம். வயிற்று எரிச்சலுக்குக் குடிக்கும் 'மில்க் ஆஃப் மெக்னீசியா'வில் இருப்பதும் இதே பொருள்தான்.

இந்தப் படலத்தை உடைத்துவிட்டால் குளிர்ந்த தண்ணீரிலேயே வினை வேகமாகும். அமெரிக்க ராணுவ வீரர்களின் உணவுப் பொட்டலத்தோடு வரும் சூடேற்றும் பையில் மெக்னீசியப் பொடியும் கொஞ்சம் இரும்பும் உப்பும் இருக்கும். தண்ணீர் ஊற்றினால் போதும், அடுப்பே இல்லாமல் சாப்பாடு சூடாகிவிடும். லே மான்ஸில் தீயை வளர்த்த அதே வினைதான் இங்கே சோறு சூடாக்குகிறது!

மற்ற உலோகங்கள்? பொட்டாசியம் தண்ணீரில் விழுந்ததும் ஊதா நிறத்தில் தீப்பிடிக்கும். சோடியம் உருண்டையாக உருகி, தண்ணீர் மேல் அங்குமிங்கும் ஓடும். அதனால்தான் இரண்டையும் மண்ணெண்ணெயில் மூழ்க வைக்கிறார்கள். கால்சியம் கொஞ்சம் நிதானம். துத்தநாகமும் இரும்பும் நன்கு சூடாகி, நீராவி பட்டால்தான் ஹைட்ரஜனை விடும். செம்பு, வெள்ளி, தங்கம் எதற்கும் அசையாது.

இந்த வரிசையில் அலுமினியம் இரும்புக்கு மேலே இருக்கிறது. ஆனாலும் அலுமினியப் பாத்திரத்தில் தினமும் தண்ணீர் கொதிக்கிறதே? அதன் மேலுள்ள ஆக்சைடு படலம்தான் காப்பாற்றுகிறது. அதையே பொடியாக்கிவிட்டால் கதை மாறும். தண்ணீர் படும் பரப்பு பல மடங்கு கூடிவிடும். பட்டாசுக்கான மருந்துக் கலவையில் அலுமினியப் பொடி இருப்பதால், ஈரம் பட்டால் அது தானாகவே சூடேறும் அபாயம் உண்டு. மிச்சமான கலவையை மறுநாளுக்கு எடுத்துவைக்கக் கூடாது என்று சிவகாசியில் சொல்வதற்கு இதுவும் ஒரு காரணம்.

கல்பாக்கத்தில் சோடியமும் தண்ணீரும்

தண்ணீர் பட்டால் வெடிக்கும் சோடியத்தை டன் கணக்கில் உருக்கி, தண்ணீர்க் குழாய்க்குப் பக்கத்திலேயே ஓடவிடும் இடமும் உண்டு. கல்பாக்கத்தில் 1985 முதல் இருக்கும் வேக ஈனுலையும், அதற்குப் பின் கட்டப்பட்ட 500 மெகாவாட் முன்மாதிரி ஈனுலையும் திரவ சோடியத்தால் குளிர்விக்கப்படுபவை. வெப்பத்தை நன்றாகக் கடத்தும், நியூட்ரான்களின் வேகத்தை அதிகம் குறைக்காது என்பதால் சோடியம் தேவைப்படுகிறது.

சிக்கல் நீராவி தயாரிக்கும் இடத்தில்தான். எஃகுக் குழாய்க்கு ஒரு பக்கம் சூடான சோடியம், மறுபக்கம் தண்ணீர். நடுவில் இருப்பது அந்தக் குழாயின் சுவர் மட்டுமே. அதில் ஊசி முனை அளவு ஓட்டை விழுந்தாலும் இரண்டும் சந்தித்துவிடும். அதனால்தான் அணு உலைக்குள் சுற்றும் கதிரியக்க சோடியம் நேரடியாக இங்கே வராது. இடையில் இன்னொரு சோடியச் சுற்று இருக்கும். கசிவு நடந்தால் முதலில் உருவாவது ஹைட்ரஜன். சோடியத்தில் அதன் அளவு கொஞ்சம் கூடினாலும் கருவிகள் எச்சரித்துவிடும். ரஷ்யாவின் பி.என்-600 உலையில் இப்படிப்பட்ட கசிவுகள் நடந்திருக்கின்றன. பழுதான பகுதியைத் தனியாகப் பிரித்துவிட்டு உலையைத் தொடர்ந்து ஓட்டினார்கள்.

ஜப்பானின் ஃபுகுஷிமாவில் 2011 மார்ச்சில் உலைக் கட்டடங்கள் வெடித்ததற்கும் ஓர் உலோகம்தான் காரணம். அங்கே வில்லன் சிர்கோனியம். எரிபொருளைச் சுற்றியிருந்த சிர்கோனியக் குழாய்கள் சாதாரணமாகத் தண்ணீருக்குள் பல ஆண்டுகள் சும்மா இருக்கும். சுனாமியால் மின்சாரம் போய், தண்ணீர் வற்றி, குழாய்கள் ஆயிரம் டிகிரியைத் தாண்டியபோது நீராவியோடு வினை தொடங்கியது. வெளியான ஹைட்ரஜன் கட்டடத்துக்குள் சேர்ந்து வெடித்தது.

உங்கள் போன் பேட்டரி தீப்பிடித்தால்?

லித்தியமும் சோடியத்தின் குடும்பம்தான். அதனால் போன், இ-பைக் பேட்டரி எரிந்தால் தண்ணீர் ஊற்றவே கூடாது என்று பலர் நம்புகிறார்கள். இது தவறு. லித்தியம் அயன் பேட்டரியில் லித்தியம் கட்டி உலோகமாக இருப்பதில்லை, அயனியாகத்தான் இருக்கிறது. தீ பரவாமல் இருக்க பேட்டரியின் சூட்டைக் குறைத்தாக வேண்டும். அதற்குத் தண்ணீர் நல்ல வழி. மின்சார கார் தீயை அணைக்கத் தீயணைப்புத் துறையினர் ஏராளமாகத் தண்ணீரைத்தான் பயன்படுத்துகிறார்கள்.

சார்ஜரில் இருந்தால் முதலில் மெயின் சுவிட்சை ஆஃப் செய்ய வேண்டும். புகை நச்சுத்தன்மை கொண்டது, எனவே கிட்டே போகாமல் இருப்பது நல்லது. தீ பெரிதாக இருந்தால் நீங்களே அணைக்க முயலாமல் வெளியேறி, 101-க்கு அழையுங்கள். அணைந்தது போலத் தெரிந்த பேட்டரி மணிக்கணக்கில் கழித்துக்கூட மறுபடி பற்றலாம், அதை வீட்டுக்குள் எடுத்து வர வேண்டாம்.